தாலாட்டும் ஒப்பாரியும் – கடிதம்

அன்புள்ள ஐயா,

சென்ற மாதம் நீங்கள் வெளியிட்ட நீள்கதையை இரண்டு முறை வாசித்தேன். எழுத்தே இல்லாத அந்தத் தீவில் எல்லா நினைவும் ஒலியாகவே இருக்கிறது. வெள்ளம் வந்த ஆண்டுக்கு ஒரு மெட்டு, பஞ்சம் வந்த ஆண்டுக்கு இன்னொரு மெட்டு. கிழவி ஒருத்தி சாகக் கிடக்கும்போது ஊரே கூடி அவள் பாட்டுகளை ஆளுக்கொன்றாகக் கேட்டு வாங்கிக்கொள்ளும் இடம் இன்னும் மனதில் நிற்கிறது. ஆனால் ஒரு சந்தேகம். ஒலி காற்றோடு போவது. எழுதி வைத்ததே நிலைக்காத உலகில் பாட்டு எத்தனை தலைமுறை தாங்கும்? அந்தத் தீவு அழகான கற்பனை மட்டும்தானா?

ம., திருவாரூர்

அன்புள்ள ம.,

அந்தத் தீவின் மெட்டுகள் என் கற்பனை. ஆனால் கதைக்கு விதை போட்ட ஒரு தீவு வரைபடத்தில் இருக்கிறது. சுமத்ராவின் மேற்குக் கரைக்கு அப்பால், இந்தோனேசியாவின் ஆச்சே மாகாணத்தைச் சேர்ந்த சிமெலுவே.

1907 ஜனவரியில் அங்கே நிலம் குலுங்கியது. கடல் பின்வாங்கியது, பிறகு ஊருக்குள் ஏறி வந்தது. ஏராளமானோர் மாண்டார்கள். மிஞ்சியவர்கள் அந்த அலையை 'ஸ்மோங்' என்ற சொல்லில் முடிந்து பிள்ளைகளிடம் கொடுத்தார்கள். கதையாகச் சொல்லும் வழக்கத்துக்கு 'நாஃபி-நாஃபி' என்று பெயர், பாட்டுக்கு 'நண்டோங்'. சொன்ன செய்தி சின்னது. பூமி பலமாக ஆடி, கடல் வற்றினால் எதையும் எடுக்க நிற்காதே, மேட்டுக்கு ஓடு.

97 ஆண்டுகள் கழித்து, 2004 டிசம்பர் 26 காலையில் மறுபடி பூமி ஆடியது. அந்தப் பெரும் நடுக்கத்தின் மையத்துக்கு மிக அருகில் இருந்த ஊர்களில் சிமெலுவேயும் ஒன்று. தீவின் வடக்கில் லாங்கி என்ற கிராமத்துக்கு அலை வந்து சேரப் பத்து நிமிடம்கூட ஆகவில்லை. எந்த எச்சரிக்கைக் கருவியும் அதற்குள் வாய் திறந்திருக்க முடியாது. 'ஸ்மோங், ஸ்மோங்' என்று கத்திக்கொண்டே சுமார் 800 பேரும் குன்றேறிவிட்டார்கள். ஒருவர்கூடச் சாகவில்லை. தீவு முழுக்க ஏறத்தாழ 78,000 பேர். இறந்தவர்கள் 7 பேர். ஆச்சே மாகாணம் மொத்தத்தில் ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை இழந்தது. 1907-ஐக் கண்ணால் கண்டு, நினைவில் வைத்துச் சொல்லக்கூடியவர்கள் அன்று அநேகமாக யாருமே இல்லை என்பதை யோசித்துப் பாருங்கள். ஓடியவர்களெல்லாம் காதால் கேட்டவர்கள்.

பாட்டு எத்தனை தலைமுறை தாங்கும் என்ற கேள்விக்கு வேதத்தை மனப்பாடமாக ஓதும் ஜடை, கனம் என்ற முறைகளைப் பலர் உதாரணம் காட்டுவார்கள். ஒவ்வொரு சொல்லையும் முன்னும் பின்னும் மாற்றிக் கோத்து, பிழை நுழைய இடம்விடாத ஏற்பாடு அது. எனக்கு அதில் வியப்பு உண்டு. ஆனால் அது ஆண்டுக்கணக்கில் பயின்றவர்களின் காவல். சிமெலுவேயில் காவல் இருந்தவர்கள் பிள்ளைக்குக் கதை சொல்லி, பாடித் தூங்கவைக்கும் வீட்டுப் பெரியவர்கள்.

அங்கே பாடப்படும் ஒரு பாட்டில் ஸ்மோங் குழந்தைக்குக் குளியல், நிலநடுக்கம் தொட்டில், இடி மேளம், மின்னல் விளக்கு. பயமுறுத்தவில்லை பாருங்கள், பழக்குகிறது. நம் தாலாட்டு, யார் அடித்து நீ அழுதாய் என்று கேட்டு, அத்தையையும் மாமனையும் ஒவ்வொருவராகப் பூச்செண்டோடு கொண்டுவந்து நிறுத்துகிறது. நாம் தூளியில் உறவுமுறையைக் கற்றோம். அவர்கள் கடலையும் கற்றிருக்கிறார்கள்.

இதை எழுதும்போது நாகப்பட்டினம் நினைவுக்கு வராமல் இருக்க முடியாது. நீங்கள் பக்கத்து மாவட்டம், உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அந்த மாவட்டத்தில் மட்டும் 6,000-க்கும் மேற்பட்டோர். நடுக்கம் நடந்த இடம் வெகுதூரம். பூமி ஆடினால் ஓடு என்பது நமக்கு உதவியிராது. ஆனால் கடல் உள்வாங்கினால் ஓடு என்ற ஒரு வரி உதவியிருக்கும். அந்த வரி நம்மிடம் இல்லாமலா இருந்தது? குமரிக் கோடு என்ற மலையைக் கொடுங்கடல் கொண்டதைச் சிலப்பதிகாரம் சொல்கிறது. 'கடல்கோள்' என்று சொல்லே வைத்திருந்தோம். 1881-இன் கடைசி நாளில் கார் நிகோபார் நிலநடுக்கம் எழுப்பிய அலையை நாகப்பட்டினத்தின் அலைமானிக் கருவியே பதிவு செய்திருக்கிறது. சின்ன அலைதான், ஆனாலும் தாளில் ஏறிவிட்டது. ஏட்டிலும் தாளிலும் இருந்தது, கரையில் வலை பின்னுகிறவர் காதில் இல்லை.

அதனால் உங்கள் கேள்வியை வேறுவிதமாகக் கேட்டுக்கொள்கிறேன். எந்தப் பாட்டுக்குள் வைத்தோம்? சுனாமிக்குப் பிறகு நம் கடற்கரைப் பெண்கள் பாடாமல் இல்லை. ஒப்பாரி பாடினார்கள். சாவு விழாத வீட்டுக்குள் ஒப்பாரி பாடக் கூடாது, நல்ல நாளில் அங்கே அது ஒலிக்கவே கூடாது. நாட்டார் பாடல் சேகரிக்கப் போகிற எல்லாரும் முட்டிக்கொள்ளும் சுவர் இது. தாலாட்டுக்கும் ஒப்பாரிக்கும் மெட்டு எவ்வளவு நெருக்கம் என்பது கேட்டவர்களுக்குத் தெரியும். ஆனால் ஒன்றைப் பிள்ளை தினமும் கேட்கிறது, மற்றொன்றைக் கேட்க விடுவதில்லை. என் கதையில் இந்த வேறுபாட்டை நான் தொடவே இல்லை. உங்கள் கடிதத்துக்குப் பிறகு அது பெரிய குறையாகத் தெரிகிறது.

சில வருடங்களுக்கு முன் நாகைப் பக்கத்து மீனவக் குப்பம் ஒன்றில் ஒரு வயதான அம்மாவிடம் அந்தச் சுனாமி ஒப்பாரியைப் பாடச் சொல்லிக் கேட்டேன். "வூட்ல பாடக்கூடாது தம்பி" என்று என்னை வெளியே அழைத்துப்போனார். கரையில் ஏற்றி வைத்திருந்த படகின் நிழலில் உட்கார்ந்து, முந்தானையை வாயருகே பிடித்துக்கொண்டு பாடினார். தண்ணி உள்ளே போனது, தரையில் மீன் துள்ளியது, பிள்ளைகள் அள்ளப் போனது. ஏழெட்டு வயதுப் பேத்தி எங்கள் பின்னாலேயே வந்து மணலில் குந்தியிருந்ததை அவர் கவனிக்கவில்லை.

"எவ்ளோ தூரம் போச்சு ஆயா?" என்றாள் அவள், பாட்டின் நடுவே.

அவர் போகச் சொல்லி அதட்டினார். அவள் அசையவில்லை. சற்று நேரம் சும்மா இருந்தவர், பிறகு எழுந்து பேத்தியின் தோளைப் பிடித்துத் திருப்பி, கடலுக்குள் கை நீட்டிக் காட்டினார்.

அன்புடன்.