காலத்தை நிறுத்தும் வண்டு: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: நான் சிறுகதை ஒன்று எழுதி வருகிறேன். பினாங்குக் கொடிமலைக் காட்டில் வாழும் ஒரு வண்டு தன் சிறகுகளை உரசி ஒலி எழுப்பியவுடன் சுற்றிலும் காலம் நின்றுவிடுகிறது; வண்டு மட்டும் பறந்து சென்று இரை தேடுகிறது. இதற்கு அறிவியல் அடிப்படை ஏதேனும் காட்ட முடியுமா? (வாசகி, ஆயர் ஈத்தாம்)

பதில்: நீங்கள் எழுதியிருக்கும் வடிவில் முடியாது, அம்மா. காலம் உண்மையிலேயே நின்றுவிட்டால் முதலில் சிக்கிக்கொள்வது உங்கள் வண்டுதான். ஒளியும் நகராமல் நிற்பதால் அதன் கண்ணுக்கு எதுவும் தெரியாது. அசையாத காற்றைச் சிறகால் தள்ள முடியாது. உடலின் பக்கவாட்டுத் துளைகள் வழியாகத் தானே பரவி உட்செல்ல வேண்டிய ஆக்சிஜனும் வாசலிலேயே நின்றுவிடும். பெரும்பாலான காலநிறுத்தக் கதைகள் இந்த இடத்தைக் கவனிக்காமல் தாண்டிவிடுகின்றன.

இருப்பினும், காலம் எங்கும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை என்பது ஐன்ஸ்டைனுக்குப் பின் உறுதியான உண்மை. ஏறத்தாழ 830 மீட்டர் உயரமுள்ள கொடிமலை உச்சியில் வைத்த கடிகாரம், பூமியின் ஈர்ப்பிலிருந்து சற்று விலகியிருப்பதால், ஜார்ஜ்டவுன் கடற்கரையில் வைத்த கடிகாரத்தைவிட ஆண்டுக்குச் சுமார் 3 மைக்ரோ வினாடி வேகமாக ஓடும். ஆனால் இந்த நுண்ணிய வேறுபாட்டை உண்டாக்கவே பூமி முழுவதன் நிறையும் தேவைப்படுகிறது. ஒரு வண்டிடம் அதை எதிர்பார்ப்பது நியாயமன்று.

என் யோசனை, உலகத்தின் காலத்தை விட்டுவிட்டு உயிர்களின் உடலுக்குள் ஓடும் காலத்தில் உங்கள் வண்டு கைவைப்பதாக எழுதுங்கள் என்பதே. அங்கே இயற்கை உங்களுக்கு வேண்டிய அளவு கச்சாப்பொருளை வைத்திருக்கிறது. 1971ஆம் ஆண்டு அமெரிக்க ஆய்வாளர்கள் ரொனால்ட் கொனோப்காவும் சீமோர் பென்சரும், ஒரே ஒரு மரபணு மாறியதால் 19 மணி நேரத்தில் ‘ஒரு நாளை’ முடித்துவிடும் பழ ஈக்களையும், 28 மணி நேரம் எடுத்துக்கொள்ளும் ஈக்களையும், நாள் என்ற ஒழுங்கே இல்லாத ஈக்களையும் கண்டறிந்தனர். அந்த மரபணுவைப் பிரித்தெடுத்து, உடற்கடிகாரம் இயங்கும் முறையை விளக்கிய மூவருக்கு 2017இல் மருத்துவ நோபல் பரிசு கிடைத்தது.

மனிதரின் காலத்தைக் கெடுக்கும் பூச்சியும் உண்டு. ஆப்பிரிக்காவின் செட்சே ஈ கடிக்கும்போது உடலுக்குள் புகும் ஒட்டுண்ணி, நோய் முற்றிய நிலையில் மூளையை எட்டி, நோயாளியைப் பகலெல்லாம் உறங்கவும் இரவெல்லாம் விழித்திருக்கவும் வைக்கிறது. ஈ ஒட்டுண்ணியைச் சுமந்து வரும் வாகனம் மட்டுமே என்றாலும், கடிபட்டவரின் இரவும் பகலும் இடம் மாறிவிடுகின்றன. உங்கள் வண்டின் ஒலிக்கும் இத்தகைய ஆற்றலைக் கொடுத்து, மலையேறி வந்தவர்களுக்கு மட்டும் மாலை வராமலே போனதாக எழுதினால், நான் நம்பிப் படிப்பேன்.

இன்னொரு வழியும் உண்டு. மனிதக் கண் ஒரு வினாடிக்கு ஏறத்தாழ 60 முறை வரைதான் ஒளி அணைந்து எரிவதைப் பிரித்தறியும். வீட்டு ஈயின் கண் 250 முறை வரை பிரித்தறியும். ஆகவே, நாம் அடிக்க ஓங்கும் கை ஈயின் கண்ணுக்கு மெதுவாக நகர்வதாகவே கருத இடமுண்டு. இந்த ஆற்றலைப் பல மடங்கு பெருக்கினால், உங்கள் வண்டின் பார்வையில் உலகம் கிட்டத்தட்ட நின்றுவிடும், இயற்பியலும் காயப்படாது.

கேள்வி: எங்கள் வீட்டுச் செடிகளுக்குத் தேனீக்கள் தினமும் ஒரே நேரத்தில் வருகின்றன. பூச்சிகளுக்கு மணி தெரியுமா, அல்லது வெயிலைப் பார்த்து வருகின்றனவா? (வாசகர், பிரிக்பீல்ட்ஸ்)

பதில்: மணி தெரியும். தேனீக்களைக் குறித்த நேரத்தில் உணவுக்கு வரப் பழக்க முடியும் என்று 1929இல் ஜெர்மானிய ஆய்வாளர் இங்கெபோர்க் பெலிங் காட்டினார். 1955இல் மற்றோர் ஆய்வாளரான மாக்ஸ் ரென்னர், பாரிஸில் மூடிய அறைக்குள் பழக்கிய தேனீக்களை விமானத்தில் நியூயார்க்குக்குக் கொண்டு சென்று, அதே போன்ற அறையில் விட்டார். அவை நியூயார்க் நேரத்தைப் பொருட்படுத்தாமல், கடைசி உணவிலிருந்து 24 மணி நேரம் கழிந்தவுடன், பாரிஸ் கணக்கின்படியே வந்தன. ஆனால் தொடர்ந்து திறந்தவெளியில் விட்டுவைத்தால், புதிய ஊரின் வெயிலுக்கு ஏற்பத் தம் கடிகாரத்தை மெல்லத் திருத்திக்கொள்ளும்.

நம் நாட்டில் 1982 புத்தாண்டு பிறந்தபோது தீபகற்ப மலேசியாவின் கடிகாரங்கள் அரை மணி நேரம் முன்னே தள்ளப்பட்டதை மூத்த வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். அரசாங்கம் பூச்சிகளுக்குச் சுற்றறிக்கை அனுப்பவில்லை. அன்று வரை அந்தியில் ஏழு மணிக்குள் கத்தத் தொடங்கிய சில்வண்டு, மறுநாள் முதல் நம் கணக்கில் அரை மணி நேரம் தாமதமாகக் கத்தியது. அதன் கணக்கில் எதுவும் மாறவில்லை.

கேள்வி: பதினேழு ஆண்டுகளுக்கு ஒருமுறை வெளிவரும் சில்வண்டு நம் நாட்டிலும் உண்டா? அதன் கணக்கை யாராலும் மாற்ற முடியாதா? (வாசகர், செந்தூல்)

பதில்: இங்கே இல்லை, 13, 17 ஆண்டு சில்வண்டுகள் வட அமெரிக்காவின் கிழக்குப் பகுதிக்கே உரியவை. கணக்கை மாற்ற முடியும். மண்ணுக்கடியில் வேர்ச்சாற்றை உறிஞ்சி வாழும் அவற்றின் குஞ்சுகள், மரம் ஆண்டுதோறும் துளிர்ப்பதை வைத்தே ஆண்டுகளை எண்ணுகின்றன. கலிபோர்னியா ஆய்வாளர்கள் மரங்களை ஒரே ஆண்டில் இருமுறை துளிர்க்கச் செய்தபோது, அவற்றின் வேரில் இருந்த சில்வண்டுகள் அதை ஈராண்டாகக் கணக்கிட்டு, ஓராண்டு முன்னதாகவே வெளிவந்துவிட்டன.