பிரேசில் சினிமாவில் ‘கார்லோட்டா ஜுவாக்கினா’ படத்துக்கு ஏன் இவ்வளவு பெரிய இடம்?

அது வந்த நேரம்தான் முதல் காரணம். 1990இல் அதிபர் கோலோர் பதவிக்கு வந்த கையோடு, எம்பிராஃபில்மி என்ற அரசுத் திரைப்பட நிறுவனத்தை இழுத்து மூடினார். படம் எடுக்கப் பணம் கொடுத்ததும், எடுத்த படத்தைத் தியேட்டருக்குக் கொண்டுபோனதும் அந்த நிறுவனம்தான். அதன்பின் சில ஆண்டுகள் அங்கே படத்தயாரிப்பே ஏறக்குறைய நின்றுபோனது.

அந்த வறட்சியில், நடிகையாக அறியப்பட்டிருந்த கார்லா கமுராட்டி 1995இல் தன் முதல் முழுநீளப் படத்தோடு வந்தார். வினியோகத்தையும் அவரே பார்த்துக்கொண்டார். 12 லட்சம் பேருக்கு மேல் பார்த்தார்கள். பிரேசில் சினிமா மீண்டெழுந்த காலத்தை ‘ரெட்டோமாடா’ என்பார்கள். அதைப் பெரும்பாலும் இந்தப் படத்திலிருந்துதான் கணக்கிடுகிறார்கள்.

சரி, கதைக்கு வருவோம். ஸ்பெயின் அரசரின் மகள் கார்லோட்டா. பத்து வயதில் போர்ச்சுகல் இளவரசர் ஜுவாவோவுக்குக் கட்டிக்கொடுக்கப்படுகிறாள். 1807 நவம்பரில் நெப்போலியனின் படை லிஸ்பனை நெருங்க, அரசவை மொத்தமும் பிரிட்டிஷ் கப்பல்களின் காவலோடு பிரேசிலுக்குத் தப்பி ஓடுகிறது. ஆளும் நாட்டின் அரசவையே காலனிக்கு வந்து குடியேறிய விசித்திரத்தைப் படம் துளியும் தயங்காமல் கேலி செய்கிறது. மார்க்கோ நனினியின் ஜுவாவோ, கோழிக்கறிப் பிரியர், முடிவெடுக்கத் தெரியாதவர். மரியேட்டா செவேரோவின் கார்லோட்டா கோபமும் ஆசையும் பேராசையுமாகக் கொதிக்கிறாள். படத்தைத் தாங்குவதே அவர் நடிப்புதான் என்பேன்.

எனக்கு ஒரு வருத்தம் உண்டு. 1808இல் வந்திறங்கியதும் துறைமுகங்களை அயல்நாட்டு வணிகத்துக்குத் திறந்துவிட்டவர் ஜுவாவோ. அரச அச்சகம், பிரேசில் வங்கி, ரியோவின் தாவரவியல் பூங்கா எல்லாம் அதே ஆண்டில் அவர் தொடங்கியவை. இந்த மனிதரைப் படத்தில் தேடினால் கிடைக்கமாட்டார். வரலாற்றாசிரியர்கள் கோபப்பட்டது நியாயம்தான்.

ஆனாலும் படத்தை என்னால் தள்ளிவைக்க முடியவில்லை. இந்தக் கதையை ஒரு ஸ்காட்லாந்துக்காரர் சிறுமி ஒருத்திக்குச் சொல்வதாகத்தான் கமுராட்டி அமைத்திருக்கிறார். பிரேசிலின் கதையை எங்கோ இருக்கும் அந்நியர் ஒருவர், கேட்டதும் கற்பனையுமாகக் கலந்து சொல்கிறார். இந்த மிகையெல்லாம் அவர் வாயிலிருந்து வருவது என்று பிடிபட்டதும், இரண்டாம் முறை எனக்கு அது வேறு படமாகத் தெரிந்தது.

நீங்கள் பார்ப்பதாக இருந்தால், 1808இல் நடந்ததைக் கொஞ்சம் படித்துவிட்டு உட்காருங்கள். எது நடந்தது, எது அந்தக் கதைசொல்லி ஊதிப் பெருக்கியது என்று பிரித்துப் பார்க்கும்போது படம் இன்னும் பிடித்துப்போகும்.