வில்லியம் பென் எழுதியவற்றில் எதை முதலில் படிக்கலாம்? மத சுதந்திரம் பற்றி எழுதியபடி அவர் நடந்துகொண்டாரா?

முதலில் 1670இல் அவர்மேல் நடந்த வழக்கின் விவரத்தைப் படியுங்கள். நான் தொடங்கியதும் அங்கேதான். பென்சில்வேனியாவை நிறுவியவர் என்ற அளவில் மட்டும் தெரிந்த ஒருவர், அதைப் படித்த பிறகு வேறு ஆளாகத் தெரிந்தார்.

அப்போது பென்னுக்கு வயது 25. கடற்படைத் தளபதியின் மகன். வசதியான வாழ்க்கையை விட்டுவிட்டுக் குவேக்கர்கள் என்ற கிறிஸ்தவப் பிரிவினரோடு சேர்ந்திருந்தார். குவேக்கர்களுக்குக் குருமார் கிடையாது, சடங்கு கிடையாது. ஒன்றாகக் கூடி மௌனமாக உட்கார்ந்திருப்பார்கள், உள்ளம் தூண்டினால் யாராவது எழுந்து பேசுவார்கள். ஆனால் அரசுத் திருச்சபைக்கு வெளியே, வீட்டாரைத் தவிர ஐந்து பேர் வழிபாட்டுக்குக் கூடினாலே குற்றம் என்றது அன்றைய இங்கிலாந்துச் சட்டம். லண்டன் கிரேஸ்சர்ச் தெருவில் இருந்த அவர்களுடைய கூடத்தைப் படைவீரர்கள் அடைத்துவிட, பென் தெருவிலேயே நின்று பேசினார். அவரும் வில்லியம் மீட் என்பவரும் கைதானார்கள்.

நீதிமன்றத்தில் நடந்தவை நம்ப முடியாதவை. தொப்பியில்லாமல் உள்ளே வந்தவர்களுக்கு அங்கேயே தொப்பியை மாட்டிவிட்டு, பிறகு அதைக் கழற்றவில்லை என்று அபராதம் போட்டார்கள். எந்தச் சட்டப்படி என்மேல் வழக்கு என்று பென் திரும்பத் திரும்பக் கேட்கிறார், நேரான பதில் வரவே இல்லை. பென் கிரேஸ்சர்ச் தெருவில் பேசினார், அவ்வளவுதான் என்றார்கள் ஜூரிகள். அதற்கு மேல் ஒரு சொல்லும் சேர்க்க மறுத்த அவர்களை, சாப்பாடு, தண்ணீர், கணப்பு எதுவும் இல்லாமல் இரவெல்லாம் அடைத்து வைத்தார்கள். கடைசியில் குற்றவாளிகள் அல்ல என்றே தீர்ப்புச் சொன்னார்கள். அதற்காக ஜூரிகளுக்கே அபராதம். எட்வர்ட் புஷல் என்ற ஜூரி கட்ட மறுத்துச் சிறையிலிருந்தே வழக்காடினார். தீர்ப்புக்காக ஜூரியைத் தண்டிக்கக் கூடாது என்ற விதி அந்த வழக்கில்தான் உறுதியானது.

இதை மனதில் வைத்துக்கொண்டு, அடுத்து மனச்சாட்சியின் சுதந்திரம் பற்றி அவர் 1671 தொடக்கத்தில் நியூகேட் சிறையிலிருந்து வெளியிட்ட நூலைப் படியுங்கள். அதில் எனக்கு முக்கியமாகப் படுவது அவர் தரும் விளக்கம். உள்ளுக்குள் எதை வேண்டுமானாலும் நம்பிக்கொள் என்று விடுவது போதாது, நம்புகிறபடி வெளிப்படையாகக் கூடி வழிபடவும் முடிய வேண்டும் என்கிறார். மனதுக்குள் இருப்பதை எந்த அரசாலும் தடுக்க முடியாது, ஆகவே அதைமட்டும் அனுமதிப்பது எதையும் தராததற்குச் சமம். மனச்சாட்சி கடவுளின் ஆட்சிக்கு உட்பட்டது, அதில் வற்புறுத்துகிறவன் கடவுளின் இடத்தில் உட்காருகிறான் என்பது அவருடைய இன்னொரு வாதம். நூலில் பைபிள் மேற்கோள்கள் நிறைய, சில பக்கங்கள் நகராது. அவற்றைத் தாண்டிப் போகலாம்.

சரி, கையில் அதிகாரம் வந்தபோது என்ன செய்தார்? தந்தைக்கு அரசு தர வேண்டியிருந்த 16,000 பவுண்டு கடனுக்கு ஈடாக 1681இல் சார்லஸ் மன்னர் அவருக்கு அமெரிக்காவில் நிலம் கொடுத்தார், அதுதான் பென்சில்வேனியா. 1701இல் அங்கே அவர் தந்த உரிமைச் சாசனத்தின் முதல் பிரிவே மனச்சாட்சி பற்றியதுதான். மற்றப் பிரிவுகளை ஆளுநரும் சட்டசபையில் ஏழில் ஆறு பங்கினரும் சம்மதித்தால் மாற்றலாம், இந்த ஒன்றை மட்டும் என்றைக்கும் மாற்றக் கூடாது என்று எழுதிவைத்தார். அவர் இறந்து 16 ஆண்டுகள் கழித்து, பிலடெல்பியாவில் கத்தோலிக்கர்கள் வெளிப்படையாகப் பூசை நடத்துவது ஆளுநரின் ஆலோசனை அவையில் பிரச்சினையானது. இங்கிலாந்தில் அது அப்போதும் குற்றம். கத்தோலிக்கர்கள் பென்னின் சாசனத்தைக் காட்டினார்கள், பூசை தொடர்ந்தது.

ஆனால் குறையில்லாத சாசனம் அல்ல அது. ஒரே கடவுளை ஏற்பவர்களுக்குத்தான் அந்தப் பாதுகாப்பு. பதவிக்கு வர கிறிஸ்துவை நம்ப வேண்டும். யூதர் ஒருவர் அங்கே நிம்மதியாக வழிபடலாம், சட்டசபையில் உட்கார முடியாது. சிறையில் அவர் எழுதிய வாதத்தை முழுமையாகப் பின்பற்றியிருந்தால் இந்த நிபந்தனைக்கு இடமே இல்லை என்றுதான் நினைக்கிறேன்.

அதைவிட வலிக்கும் விஷயம், பென் அடிமைகளை வைத்திருந்தார். காலம் அப்படி என்று சொல்லி இதைக் கடக்க எனக்கு மனம் வரவில்லை, ஏனென்றால் அவருடைய குடியேற்றத்திலேயே அப்போதே எதிர்ப்பு எழுந்தது. 1688இல் ஜெர்மன்டவுனில் நான்கு பேர் அடிமை முறைக்கு எதிராக ஒரு மனு எழுதினார்கள். ஐரோப்பாவில் மனச்சாட்சிக்காக மனிதர்களை ஒடுக்குகிறார்கள், இங்கே கறுப்பு நிறத்துக்காக ஒடுக்குகிறோம். மனச்சாட்சிக்குச் சுதந்திரம் இருக்கும் இடத்தில் உடலுக்கும் சுதந்திரம் வேண்டும் என்பது அதன் சாரம். இரண்டு பக்க மனுதான், பென்னின் நூலை முடித்த கையோடு அதையும் படித்துவிடுங்கள். குவேக்கர்களின் உள்ளூர்க் கூட்டம் அதை மேல் கூட்டத்துக்கு அனுப்பியது, அங்கிருந்து ஆண்டுக் கூட்டத்துக்குப் போனது, அங்கே முடிவெடுக்காமல் ஒதுக்கி வைத்தார்கள்.