பழைய பேசாப் படங்கள்ல 'சொந்தமா, நியாயமா'ங்கிற சிக்கல் ஏன் அடிக்கடி வருது?

தப்பு செஞ்சது நம்ம வீட்டு ஆளு, தீர்ப்பு சொல்ல வேண்டியதும் நாமதான், அந்த நெலமதான் இது. நீதிபதி அப்பா, கூண்டுல மகன், அது மாதிரி. 1931ல 'காளிதாஸ்' வந்து தமிழ் பேசுறதுக்கு முன்னால படத்துல குரலே கெடையாது, நடுநடுவுல எழுத்து அட்டை மட்டும் வரும், ஆரம்பத்துல ஒரு ரீல் படம்னா பத்துப் பதினஞ்சு நிமிஷத்துல முடிஞ்சிரும், அதுக்குள்ள யாரு யாருக்கு என்ன வேணும்னு விளக்கிட்டு இருக்க முடியாதுல்லா, அப்பா மகன்னா எந்த ஊர்க்காரனுக்கும் சட்டுனு புரியும்.

எங்க திருநெல்வேலிப் பக்கம், தாமிரபரணி வாய்க்கால்ல ராத்திரியோட ராத்திரியா மடைய ஒடச்சு தண்ணியத் திருப்புனது ஊர்ப் பெரியவரோட மகன்னு வச்சுக்கோங்க. காலைல ஊரு கூடியிருக்கு, பெரியவரு மகன் கால்ல ஒட்டுன ஈரச் சேத்தப் பாக்குதாரு, மம்பட்டியப் பாக்குதாரு, வாயத் தொறக்கல. அந்த முகத்த க்ளோசப்ல காட்டினா வசனம் எதுக்கு? எனக்கு இன்னைக்கும் இந்த மாதிரி காட்சில நெஞ்சு அடைச்சுக்கும்.

அப்புறம், பேசாப் படம்னா கொட்டகைல சத்தமே இருக்காதுன்னு நெறைய பேரு நெனைக்காங்க, அப்படி இல்ல, வாத்தியம் வாசிப்பாங்க, நம்ம நாட்டுல பக்கத்துல நின்னு கதைய சத்தமா சொல்லவே ஆளு இருந்தாங்க.