வீட்டில் உட்கார்ந்து பீடி சுற்றுகிறவர் தொழிலாளியா?

கேள்வி இது: "பீடி சுற்றும் பெண்கள் வீட்டு வேலை முடிந்து சும்மா இருக்கும் நேரத்தில்தானே சுற்றுகிறார்கள்? அவர்களைத் தொழிலாளர் என்று சொல்லி பி.எஃப். (வருங்கால வைப்பு நிதி), மருத்துவமனை எல்லாம் ஏன் கொடுக்க வேண்டும்?"

கேட்டவர் எங்கள் நெல்லை, தென்காசிப் பக்கத்துக்காரராகத்தான் இருக்க வேண்டும். மேலப்பாளையம், முக்கூடல், ஆலங்குளம், கடையநல்லூர் என்று எந்த ஊர்த் தெருவில் போனாலும் திண்ணையில் நாலு பேர் சுளகை (முறத்தை) மடியில் வைத்துக்கொண்டு பேசியபடி சுற்றுவதைப் பார்க்கலாம். உள்ளே டி.வி. ஓடிக்கொண்டிருக்கும். தெருவில் போகிறவருக்கு அது ஓய்வு மாதிரித்தான் தெரியும். என் அம்மா கல்யாணத்துக்கு முன்பிருந்தே சுற்றியவர். அவர் பக்கத்தில் உட்கார்ந்து பாடம் படித்து வளர்ந்தவள் நான். அதனால் இந்தக் கேள்வியைப் பார்த்துவிட்டுக் கடந்துபோக முடியவில்லை.

முதலிலேயே ஒன்று சொல்லிவிடுகிறேன். புகையிலைக்கு வக்காலத்து வாங்க நான் வரவில்லை. பீடி உடம்பைக் கெடுக்கும், சுற்றுகிறவர் உடம்பையும் கெடுக்கும். அம்மாவின் சேலையிலும் தலைமுடியிலும் இருந்த புகையிலைத் தூள் வாடை குளித்தாலும் போகாது. அந்தத் தொழிலே வேண்டாம் என்று நீங்கள் சொன்னால் அது தனி விவாதம். ஆனால் அதைச் செய்கிறவர் தொழிலாளி இல்லை என்று சொல்வது வேறு பேச்சு. நான் எந்தச் சங்கத்திலும் உறுப்பினர் இல்லை, அதையும் சொல்லிவிடுகிறேன்.

"சும்மா இருக்கும் நேரம்" என்கிறீர்களே, அந்த நேரம் எப்போது வரும்? மத்தியப் பிரதேசம், சத்தீஸ்கர், ஒடிசா காடுகளில் கோடையில் பறித்துக் காயவைத்த பீடி இலை கட்டுக்கட்டாக இங்கே வருகிறது. கம்பெனிக்காக இலை கொடுத்துப் பீடி வாங்கும் ஒப்பந்தக்காரர் கடையில் அதை எடைபோட்டு வாங்கி வந்து தண்ணீரில் நனைத்து, ஈரச் சாக்கில் சுற்றி வைக்க வேண்டும். ஈரம் குறைந்தால் மடிக்கும்போது இலை உடையும், கூடினால் பீடி கறுத்துப்போகும். அப்புறம் தகரத் தகட்டை இலைமேல் வைத்து, நரம்பு ஓடும் பக்கம் பார்த்து, கத்தரியால் ஒவ்வொன்றாக வெட்ட வேண்டும். அம்மா இரவுச் சாப்பாடு முடிந்ததும் வெட்ட உட்காருவார். கத்தரி பிடித்துப் பிடித்து அவர் பெருவிரல் அடியில் தோல் காய்த்து மஞ்சளாக இருக்கும். மறுநாள் காலையில், வெட்டி வைத்த இலையில் தூளைப் பரப்பி, ஒரு பக்கம் ஒடுங்கும்படி உருட்டி, நூல் கட்டி, வாயை மடித்து அடைக்க வேண்டும். இருபத்தைந்து பீடி ஒரு கட்டு. ஆயிரம் சுற்றி முடிக்க, கை வேகமுள்ளவருக்கே பகல் முழுக்க வேண்டும். சோறு பொங்குவதும் துணி துவைப்பதும்தான் இடையிடையே நடக்கும். நேரம் இருந்தால் சுற்றுவது என்பதே கிடையாது, சாயங்காலம் கடைக்குக் கணக்குக் காட்டியாக வேண்டும்.

அந்தக் கடைக்கு நீங்கள் ஒருநாள் போய்ப் பார்க்க வேண்டும். நான் பள்ளிவிட்டு வந்ததும் அம்மாவோடு போவேன். வரிசையில் நின்று கட்டுகளைக் கொடுத்தால், கணக்குப் பார்ப்பவர் ஒரு கட்டை எடுத்து விரலால் அழுத்துவார். தளர்வாக இருந்தால் தூக்கி ஓரத்தில் போடுவார். நீளம் கொஞ்சம் குறைந்தாலும், நுனி பிரிந்திருந்தாலும் கழிவு. கழித்த பீடிக்குக் கூலி கிடையாது, பீடியும் திரும்பி வராது. அது எங்கே போகிறது என்று கேட்கும் துணிச்சல் அங்கே யாருக்கும் இல்லை. கொடுத்த இலையில் ஓட்டையும் முற்றலும் கலந்திருக்கும், ஆனால் ஆயிரத்துக்குக் கணக்கு ஆயிரம்தான். குறைந்தால் கைக்காசு போட்டு வெளியே இலை வாங்கிச் சுற்றிக் கொடுக்க வேண்டும்.

ஒருநாள் அம்மா கேட்டே விட்டார். "அண்ணாச்சி, இலையைக் கொஞ்சம் பாருங்க. பாதி ஓட்டை. இதுல எப்படி ஆயிரம் வரும்?" அவர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "கட்டுப்படியாகலைன்னா வேற கடை பாரும்மா" என்றார். மறுநாள் போனபோது அம்மாவுக்கு இலை இல்லை. மற்றவர்களுக்கெல்லாம் இருந்தது. அந்த வாரம் முழுக்க அப்படித்தான். வேலையை விட்டு எடுத்துவிட்டோம் என்று யாரும் சொல்லவில்லை, கடிதம் எதுவும் வரவில்லை. இலை கொடுக்கவில்லை, அவ்வளவுதான். கடைசியில் பெரியம்மா போய்ப் பேசி, இனிமேல் வாய் திறக்க மாட்டாள் என்று சொன்ன பிறகுதான் இலை கிடைத்தது.

இப்போது சொல்லுங்கள், இது பொழுதுபோக்கா? இலை அவர்களுடையது, தூள் அவர்களுடையது, நூலின் நிறம்கூட அவர்கள் சொன்னதுதான். எது நல்ல பீடி என்று முடிவுசெய்வது அவர்கள், நாளைக்கு வேலை உண்டா என்று முடிவுசெய்வதும் அவர்கள். சுற்றுகிற இடம் மட்டும் எங்கள் வீடு. வாடகையும் விளக்குச் செலவும் எங்களுடையது.

இந்த வேலை வீட்டுக்குள் வந்த கதையும் தெரிந்திருக்க வேண்டும். முன்பு பீடி பெரும்பாலும் பட்டறைகளில்தான் சுற்றப்பட்டது. 1958-இல் சென்னை மாநிலத்தில் பீடிப் பட்டறைகளுக்கென்று தனிச் சட்டம் வந்தது. வேலை நேரம், விடுமுறை, இடவசதி என்று பட்டறைக்குப் பொறுப்பு வந்தது. பட்டறை இருந்தால்தானே பட்டறைச் சட்டம்? வேலையை வீடுகளுக்குப் பிரித்துக் கொடுத்துவிட்டால் முதலாளிக்கு அந்தத் தொல்லை இல்லை. இதை நானாகக் கற்பனை செய்து சொல்லவில்லை. 1966-இல் பீடி, சுருட்டுத் தொழிலாளர் சட்டத்தைக் கொண்டுவந்தபோது மத்திய அரசு சொன்ன காரணங்களே இவைதான்: முதலாளிகள் நிறுவனத்தைச் சின்னச் சின்னதாக உடைத்துத் தொழிற்சாலைச் சட்டத்திலிருந்து தப்பிக்கிறார்கள், ஒப்பந்தக்காரர் மூலம் வீடுகளுக்கு வேலை கொடுக்கிறார்கள், ஒரு மாநிலம் சட்டம் போட்டால் சட்டம் இல்லாத இடத்துக்குத் தொழிலை நகர்த்துகிறார்கள். அதனால்தான் அந்தச் சட்டம், மூலப்பொருள் வாங்கிப்போய் வீட்டில் சுற்றுகிறவரையும் தொழிலாளி என்று எழுதியே வைத்தது. பேறுகாலச் சலுகையும் அதில் இருந்தது. முதலாளிகள் அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். 1974-இல் சட்டம் செல்லும் என்று தீர்ப்பு வந்தது.

கேரளத்தில் இந்தச் சட்டத்தை அமல்படுத்தப் போனபோது, 1968-இல் கண்ணூர்ப் பகுதியில் பெரிய கம்பெனிகள் கடையைச் சாத்திவிட்டுப் போயின. வேலை இழந்தவர்கள் மறு வருஷமே கூட்டுறவுச் சங்கமாகச் சேர்ந்து தினேஷ் பீடியைத் தொடங்கினார்கள். அங்கே பட்டறையில் ஒருவர் பத்திரிகை வாசிப்பார், மற்றவர்கள் கேட்டுக்கொண்டே சுற்றுவார்கள். வாசிப்பவரின் பங்கு பீடியை மற்றவர்கள் சேர்த்துச் சுற்றிக் கொடுத்துவிடுவார்கள். எனக்கு இதை நினைத்தால் பொறாமையாகவே இருக்கிறது. ஒரே கூரையின் கீழ் நூறு பேர் உட்கார்ந்திருந்தால், அம்மா கேட்ட கேள்வியை நூறு பேரும் கேட்டிருப்பார்கள். தனித்தனித் திண்ணையில் உட்கார்ந்தவர்களுக்கு அது வாய்க்கவில்லை.

பி.எஃப். ஏன் என்று கேட்டீர்கள். பீடித் தொழிலுக்கு அதை 1977-இல் விரிவுபடுத்தினார்கள். முதலாளிகள் இங்கேயும் விடவில்லை. வீட்டில் சுற்றுகிறவரை நாங்கள் மேற்பார்வை பார்ப்பதில்லை, அவர்கள் எங்கள் ஊழியர் இல்லை என்று வாதாடினார்கள். 1985-இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. தரம் சரியில்லை என்று பீடியைக் கழிக்கிற உரிமை உங்களிடம் இருக்கிறதே, அந்தக் கட்டுப்பாடு போதும், அவர்கள் உங்கள் தொழிலாளர்தான் என்று சொன்னது. இதைப் படித்த அன்று எனக்குக் கண் கலங்கியது. அம்மாவின் கட்டை ஓரத்தில் தூக்கிப்போட்ட அந்தக் கைதான் அவர் தொழிலாளி என்பதற்குச் சாட்சி.

மருத்துவமனை விஷயமும் தருமம் இல்லை. 1976-இல் போட்ட சட்டப்படி பீடி உற்பத்தியின் மேலேயே தீர்வை வசூலித்து, அந்த நிதியில்தான் முக்கூடல் மருத்துவமனை மாதிரியானவை, வீட்டு உதவி, பிள்ளைகளுக்குப் படிப்புத் தொகை எல்லாம் நடந்தன. நான் படித்ததில் அந்தத் தொகைக்குப் பங்கு உண்டு. 2017-இல் ஜி.எஸ்.டி. வந்தபோது அந்தத் தீர்வையை எடுத்துவிட்டார்கள், பீடிக்கு 28 சதவீத வரி போட்டார்கள். தொழிலாளிக்கென்று தனியாக ஒதுங்கிய காசு பொதுக் கணக்கில் கலந்துபோனது.

சரி, இவ்வளவு சட்டம் இருந்தும் கையில் என்ன வந்தது என்று கேட்டால் எனக்குக் கோபம்தான் வருகிறது. அம்மா முதல் சில வருஷங்கள் பெரியம்மா பேரில் இருந்த, கடையில் தினமும் வரவு போடுகிற பாஸ்புத்தகத்தில்தான் சுற்றினார். இரண்டு பேர் உழைப்பு, கணக்கில் ஒரு பேர். கடைக்காரருக்கு அது வசதி. அந்த வருஷங்கள் அம்மாவுக்கு எந்தக் கணக்கிலும் இல்லை. பின்னால் அவர் பேரில் புத்தகம் வந்தபோது, இனிஷியலைத் தப்பாக எழுதி, பிறந்த தேதியை யாரோ அவர்களாகப் போட்டுக்கொண்டார்கள். ஆதாரில் வேறு தேதி. பி.எஃப். ஓய்வூதியம் கேட்டுப் போனால், பி.எஃப். அலுவலகத்தில் "கம்பெனியிலிருந்து கடிதம் வாங்கி வாருங்கள்" என்கிறார்கள். கம்பெனியில் "கடையில் கேளுங்கள்" என்கிறார்கள். அந்தக் கடையை மூடிப் பல வருஷம் ஆகிறது. இப்போது எல்லாம் ஆன்லைன், வீட்டிலிருந்தே திருத்தலாம் என்று கவுண்டரில் இருந்த தம்பி சொன்னான். அம்மாவுடையது மாதிரிப் பழைய கணக்குகளில் திருத்தத்துக்கு ஒப்புதல் தரவேண்டியது முதலாளி. அவர் அந்தப் பக்கம் பொத்தானை அழுத்தாவிட்டால் இந்தப் பக்கம் நாங்கள் என்ன செய்ய? இத்தனைக்கும் நாங்கள் கேட்பது, 2014-இல் குறைந்தபட்சம் என்று நிர்ணயித்த மாதம் ஆயிரம் ரூபாயை. எழுதத் தெரிந்த மகள் நான் இருக்கிறேன், ஓடுகிறேன். யாரும் இல்லாதவர்கள் அந்த வாசலிலேயே திரும்பிவிடுகிறார்கள்.

கேள்வி கேட்டவருக்கு ஒன்று. உங்கள் தெருவில் சுற்றுகிற அக்காக்களிடம், புத்தகம் அவரவர் பேரில்தான் இருக்கிறதா, பி.எஃப். எண் உண்டா, பேரும் பிறந்த தேதியும் ஆதாரோடு ஒத்துப்போகிறதா என்று கேட்டுப் பாருங்கள். ஒத்துப்போகவில்லை என்றால் கடை இயங்கிக்கொண்டிருக்கும்போதே திருத்திக்கொள்ளச் சொல்லுங்கள். தினமும் வரவு போடுகிற பழைய பாஸ்புத்தகங்களை அடுப்புக்குப் போடாமல் எடுத்து வைக்கச் சொல்லுங்கள்.