ரப்பர் கோழிக்கு நடுவில் கப்பி எதற்கு?

(வாசகர் கேள்வி - பதில்)

போன இதழில் இதே பக்கத்தில், பிரவுசரில் மவுஸை வைத்துக்கொண்டு அங்கே இங்கே க்ளிக் செய்து விளையாடும் சிரிப்பு சாகச விளையாட்டுகளைப் பற்றிப் போகிற போக்கில் இரண்டு வரி எழுதியிருந்தேன். மும்பைத் தமிழர்களில் இத்தனை பேர் புதிரில் மாட்டிக்கொண்டு முழிக்கிறீர்கள் என்பது கடிதங்களைப் பார்த்த பிறகுதான் தெரிந்தது. அதனால் இந்த முறை சொசைட்டி மெயின்டனன்ஸ், ரேஷன் கார்டு கேள்விகளுக்கெல்லாம் விடுமுறை. ஒரே ஒரு எச்சரிக்கை: சில பழைய விளையாட்டுகளின் விடைகளைக் கீழே போட்டு உடைத்திருக்கிறேன். பெரும்பாலும் முப்பது வருஷத்துப் பழசு, கோபித்துக்கொள்ளாதீர்கள்.

கேள்வி: நான் ஆடிட்டர் ஆபீஸில் வேலை பார்ப்பவன். கணக்கு, தர்க்கம் எல்லாம் எனக்குப் புதிதில்லை. ஆனால் ஒரு கடற்கொள்ளையர் விளையாட்டில் பை நிறையச் சாமான் சேர்ந்துவிட்டது. எதை எதோடு சேர்த்தாலும் "அது வேலைக்காகாது" என்கிறான் ஹீரோ. இதில் லாஜிக் என்று ஒன்று இருக்கிறதா, இல்லையா?
(மாட்டுங்கா வாசகர்)

பதில்: இருக்கிறது சார், ஆனால் ஆடிட்டர் ஆபீஸ் லாஜிக் இல்லை, ஜோக்கின் லாஜிக். 1990-ல் வந்த 'தி சீக்ரெட் ஆஃப் மங்கி ஐலண்ட்' விளையாட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். அதில் சர்க்கஸ்காரர்கள் இரண்டு பேர் ஹீரோவைப் பீரங்கிக்குள் திணித்துச் சுடப் பார்க்கிறார்கள், "ஹெல்மெட் இருக்கிறதா?" என்று கேட்கிறார்கள். ஹெல்மெட் எங்கே விற்கிறது என்று கடை கடையாக அலைந்தால் கிடைக்காது. மதுக்கடைச் சமையலறையிலிருந்து எடுத்துவந்த பானையைக் காட்டினால் போதும், தலையில் கவிழ்த்து, பீரங்கியில் வைத்துச் சுட்டு, கையில் 478 காசும் கொடுத்து அனுப்புகிறார்கள். பானையோடு ஒருவன் பீரங்கியிலிருந்து பறப்பதை நினைத்தாலே சிரிப்பு வருகிறது இல்லையா, அந்தச் சிரிப்புதான் அங்கே உங்களுக்குத் துப்பு.

அதே விளையாட்டில் 'நடுவில் கப்பி வைத்த ரப்பர் கோழி' என்று ஒரு சாமான் கிடைக்கும். எல்லோரும் சிரித்துவிட்டுப் பையில் போட்டுக்கொள்வார்கள், அப்புறம் மறந்தும் விடுவார்கள். பின்னால் ஒரு குட்டித் தீவுக்கு எதிரே நின்று, இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைக்கு இழுத்துக் கட்டிய கம்பியைப் பார்த்துக்கொண்டு, படகு எங்கே கிடைக்கும் என்று தேடுவார்கள். கம்பியில் ஓடுவது கப்பி. பெயரிலேயே சொல்லியாகிவிட்டது! இந்த வகை விளையாட்டில் ஜோக்கையும் துப்பையும் ஒரே வாக்கியத்தில்தான் வைப்பார்கள், நாம் ஜோக்கை மட்டும் எடுத்துக்கொண்டு நடையைக் கட்டிவிடுகிறோம்.

இன்னொன்று. "அது வேலைக்காகாது" என்பது எல்லாத் தப்புக்கும் பொதுவாக எழுதி வைத்த வரி. அதையே திரும்பத் திரும்பக் கேட்டால் நீங்கள் வெகு தூரத்தில் இருக்கிறீர்கள். ஆனால் ஒரு பொருளை ஓர் ஆளிடம் நீட்டும்போது ஹீரோ வேறு மாதிரி ஏதாவது சொன்னால் அங்கேயே நில்லுங்கள். அந்த வரியை யாரோ உட்கார்ந்து அந்த இடத்துக்கென்றே எழுதியிருக்கிறார்கள், சும்மா எழுதியிருக்க மாட்டார்கள். படத்தில் ஏதாவது அசைந்தாலும் அப்படித்தான். அதே சமையலறைக்குப் பின்னால் ஒரு மேடையில் மீன் கிடக்கும், எடுக்கப் போனால் கடற்காக்கை விடாது. மேடையில் ஒரு பலகை ஆட்டம் காண்கிறது, அதை மிதித்தால் காக்கை ஒரு துள்ளு துள்ளி மறுபடி உட்காரும். "பலகை வேலைக்காகவில்லை" என்று போய்விடுகிறவர்கள்தான் அதிகம். காக்கை துள்ளியதே, அது போதாதா? விடாமல் மிதித்துக்கொண்டே இருந்தால் காக்கை விலகுகிற நேரத்தில் மீனை எடுத்துவிடலாம்.

தெனாலிராமன் பூனை வளர்த்த கதை தெரியும்தானே. பாலைப் பூட்டி வைக்கவில்லை, பூனையைக் கட்டிப் போடவில்லை, கொதிக்கக் கொதிக்க ஒரு கிண்ணம் வைத்தான், அதோடு அந்தப் பூனை பாலைக் கண்டாலே ஓட ஆரம்பித்துவிட்டது. வழியில் எவன் நிற்கிறான், அவனுக்கு எதில் ஆசை, எதில் பயம், எதில் பெருமை என்று அந்த மாதிரி யோசித்துவிட்டு அப்புறம் பையைத் திறங்கள். எல்லாவற்றையும் எல்லாவற்றோடும் உரசிப் பார்ப்பதைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: தினமும் லோக்கலில் நின்றுகொண்டு போனில்தான் விளையாடுகிறேன். என் தோழி கம்ப்யூட்டரில் கண்டுபிடித்த சாவி என் ஸ்கிரீனில் இல்லவே இல்லை. வெர்ஷன் வேறா?
(டோம்பிவிலி வாசகி)

பதில்: வெர்ஷன் ஒன்றாகத்தான் இருக்கும், விரல்தான் வேறு. மவுஸை ஒரு பொருளின் மேல் கொண்டுபோனாலே அதன் பெயர் தெரியும், அம்பு கை வடிவமாக மாறும். போனில் விரலை வைத்தால் அது நேரே க்ளிக், மேலே நகர்த்திப் பார்ப்பது என்ற விஷயமே கிடையாது. அதனால் கம்ப்யூட்டருக்கென்று செய்த விளையாட்டில் பாதி சாமான் போன்காரர்களின் கண்ணில் படாது. ஸ்கிரீனைப் பெரிதாக்கி மூலை மூலையாகத் தட்டிப் பாருங்கள், அல்லது புதிர் பகுதியை வீட்டுக்கு வந்து கம்ப்யூட்டரில் வைத்துக்கொள்ளுங்கள். டோம்பிவிலி வண்டியில் ஒரு கை கம்பியைப் பிடித்திருக்க, மறு கையால் நாலு புள்ளி அகலச் சாவியைத் தேடுவதெல்லாம் நடக்கிற காரியமா?

கேள்வி: வாக்த்ரூ (எல்லாப் புதிருக்கும் வரிசையாக விடை சொல்லும் வழிகாட்டி) பார்த்து விளையாடுவது ஏமாற்று வேலையா? என் ரூம்மேட் அப்படிச் சொல்லி மானத்தை வாங்குகிறான்.
(தாராவி கல்லூரி மாணவர்)

பதில்: தம்பி, இது பரீட்சை இல்லை. ஆனால் முழு வாக்த்ரூவைத் திறந்தால் உன் கேள்விக்குப் பதில் கிடைப்பதோடு அடுத்த நாலு புதிரின் விடையும் கண்ணில் பட்டுவிடும், கஷ்டம் அதுதான். இதைத் தீர்க்க அந்தக் காலத்திலேயே அழகான வழி கண்டுபிடித்தார்கள். இன்ஃபோகாம் கம்பெனி 1980-களில் தன் விளையாட்டுகளுக்குத் துப்புப் புத்தகம் விற்றது. கேள்வி மட்டும் கண்ணுக்குத் தெரியும், பதில்கள் மறைமை மையில் அச்சாகியிருக்கும், கூட வரும் பேனாவால் தேய்த்தால்தான் எழுத்து எழும்பும். முதல் பதில் லேசாகக் கோடி காட்டும், அடுத்தது இன்னும் கொஞ்சம், கடைசியில்தான் விடை. 1988-ல் தொடங்கிய யுனிவர்சல் ஹின்ட் சிஸ்டமும் இதே பாணிதான், ஒரு துப்பைக் காட்டிவிட்டு 'இன்னொன்று வேண்டுமா?' என்று கேட்கும். 2009-ல் வந்த 'மெஷினேரியம்' இன்னும் குறும்பு. அதில் விடைப் புத்தகம் விளையாட்டுக்குள்ளேயே இருக்கிறது, ஆனால் அதைத் திறக்க ஒரு சள்ளையான குட்டி விளையாட்டை ஆடி முடிக்க வேண்டும். அந்தச் சள்ளைக்குப் பயந்தே பாதிப்பேர் திரும்பிப்போய்ப் புதிரைத் தாங்களே யோசிப்பார்கள்.

உனக்கு மலிவான வழி ஒன்று இருக்கிறது. ரூம்மேட்டை வாக்த்ரூ படிக்கச் சொல்லி, "நான் சரியான அறையில்தான் இருக்கிறேனா?" என்று ஆம், இல்லை கேள்வியாக மட்டும் கேள். அவன் மானமும் சேர்ந்து போகும்.

கேள்வி: 'டே ஆஃப் த டென்டக்கிள்' விளையாடினேன். மரத்துக்குச் சிவப்புப் பெயின்ட் அடிக்க வேண்டுமாம். அமெரிக்கக் கதை தெரியாத நாம் இதை எப்படிக் கண்டுபிடிப்பது?
(முலுண்ட் வாசகர்)

பதில்: விளையாடாதவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். 1993-ல் வந்த விளையாட்டு, மூன்று நண்பர்கள். ஒருத்தன் 200 வருஷம் முன்னால் போய் மாட்டிக்கொள்கிறான், ஒருத்தி 200 வருஷம் பின்னால் ஒரு மரக்கிளையில் தொங்குகிறாள், மூன்றாமவன் இன்றைய காலத்தில். கிளையில் தொங்குகிறவளை இறக்க வேண்டுமென்றால் அந்த மரத்தை 200 வருஷம் முன்னாலேயே வெட்டிவிட வேண்டும். வெட்டக்கூடியவர் அங்கே இருக்கும் ஜார்ஜ் வாஷிங்டன், ஆனால் அவர் செர்ரி மரத்தைத்தான் வெட்டுவார். இருப்பதோ குட்டி ஆரஞ்சு மாதிரிப் பழம் காய்க்கும் கும்க்வாட். பழங்களுக்குச் சிவப்புப் பெயின்ட் அடித்தால் வாஷிங்டன் கோடரியைத் தூக்கிவிடுவார்.

அநியாயம் என்கிறீர்கள். நான் அப்படி நினைக்கவில்லை. சின்ன வயதில் அப்பாவின் செர்ரி மரத்தை வெட்டிவிட்டு உண்மையை ஒப்புக்கொண்ட வாஷிங்டன் கதை நம் ஊர்ப் பிள்ளைகளும் நீதிபோதனை வகுப்பில் கேட்ட கதைதான். மனசில் எங்கேயோ கிடக்கும், 'புதிருக்கு வெளியே உள்ளது' என்று நாமே ஒதுக்கிவைத்துவிடுகிறோம். ஆனால் ஒன்றை ஒப்புக்கொள்கிறேன், அமெரிக்க டிவி விளம்பரத்தையோ கிரிஸ்துமஸ் பாட்டையோ தெரிந்தால்தான் திறக்கும் புதிர்கள் வேறு விளையாட்டுகளில் இருக்கின்றன. அங்கே வெட்கப்படாமல் துப்பு பாருங்கள். இதே விளையாட்டில் எனக்குப் பிடித்தது காடி (வினிகர்) புதிர். பின்னால் வருகிறவர்கள் திறக்கட்டும் என்று மூடிவைக்கும் காலப் பெட்டிக்குள் பழைய காலத்துக்காரன் ஒயினைப் போட்டுவிட்டால் எதிர்காலத்துக்காரி திறக்கும்போது அது காடியாகப் புளித்திருக்கும். இதற்கு எந்த நாட்டுச் சரித்திரமும் வேண்டாம், சமையல்கட்டு அறிவு போதும்.

கேள்வி: காலேஜ் நாட்களில் விளையாடிய ப்ளாஷ் விளையாட்டுகளெல்லாம் இப்போது வெள்ளைக் கட்டமாகத் தெரிகின்றன. போனது போனதுதானா?
(காட்கோபர் வாசகி)

பதில்: முழுக்கப் போகவில்லை. அந்த விளையாட்டுகளைப் பிரவுசரில் ஓட்டிவந்த மென்பொருள்தான் ப்ளாஷ். அடோபி கம்பெனி 2020 டிசம்பர் 31-ல் அதைக் கைவிட்டது, 2021 ஜனவரி 12 முதல் ப்ளேயரே ஓடாதபடி நிறுத்திவிட்டது. இப்போது 'ரஃபிள்' என்ற இலவச மென்பொருள் பழைய ப்ளாஷ் கோப்புகளைப் பிரவுசரிலேயே ஓட்டுகிறது. இன்டர்நெட் ஆர்க்கைவ் அதை வைத்துத்தான் ஏராளமான பழைய விளையாட்டுகளைக் காப்பாற்றி வைத்திருக்கிறது. மிகப் பழசு நன்றாக ஓடும், பிற்காலத்து ப்ளாஷ் விளையாட்டுகளில் சில தகராறு செய்யும். பழைய ப்ளாஷில் டேப் பொத்தானைத் தட்டினால் க்ளிக் செய்யக்கூடிய இடமெல்லாம் மஞ்சள் கட்டமாகத் தெரிந்துவிடும் என்ற திருட்டு வழி நினைவிருக்கிறதா? விவரமானவர்கள் பிறகு அதை அடைத்துவிட்டார்கள்.

கேள்வி: நீங்கள் பார்த்ததிலேயே மோசமான புதிர் எது?
(வாஷி வாசகர்)

பதில்: எல்லோரும் சொல்லும் அதே பூனைமுடி மீசைதான். 1999-ல் வந்த 'கேப்ரியல் நைட் 3'. மோட்டார் சைக்கிள் வாடகைக்கு எடுக்க ஹீரோ தன் நண்பன் மாதிரி வேஷம் போட வேண்டும். கொட்டகை ஓட்டையில் ஒட்டுநாடா ஒட்டி, அதன் வழியே பூனையை ஓடவிட்டு, ஒட்டிய முடியை மேப்பிள் பாகால் மூக்குக்குக் கீழே ஒட்டிக்கொள்ள வேண்டும். நண்பனுக்கு மீசையே கிடையாது! அதற்காக அவன் பாஸ்போர்ட் படத்தில் மார்க்கரால் மீசை வரைய வேண்டும்.

ஆனால் இதையே ஒரு கோமாளி விளையாட்டில் வைத்திருந்தால் ஜனங்கள் கைதட்டியிருப்பார்கள் என்பது என் எண்ணம். பூனை முடியில் குற்றமில்லை, விளையாட்டு முழுக்க முகத்தை உம்மென்று வைத்துக்கொண்டு மர்மக் கதை சொல்லிவிட்டு, திடீரென்று ஓர் இடத்தில் மட்டும் கோமாளித்தனமாக யோசி என்பதுதான் குற்றம். மங்கி ஐலண்டை உருவாக்கிய ரான் கில்பர்ட் 1989-லேயே ஒரு கட்டுரையில் இன்னொரு குற்றத்தைச் சுட்டிக்காட்டினார்: பூட்டைப் பார்ப்பதற்கு முன்னாலேயே சாவி கையில் கிடைக்கக்கூடாது. முதலில் தடை, பிறகு தேடல். உங்களைச் சலிப்படைய வைத்த புதிரை இதில் உரசிப் பாருங்கள், தப்பு உங்கள் மேலா அவர்கள் மேலா என்று தெரிந்துவிடும்.

கேள்வி: பேரனும் நானும் சேர்ந்து விளையாடுகிறோம். இரண்டு கவலை. தப்பாக ஏதாவது சாப்பிட்டு, கொடுத்து, தொலைத்துவிட்டால் கடைசியில் மாட்டிக்கொள்வோமா? அப்புறம், போன ஞாயிறு வரை விளையாடியதெல்லாம் மறுநாள் காணவில்லை, ஏன்?
(செம்பூர் பாட்டி)

பதில்: முதல் கவலை நியாயமானது அம்மா. 1990-ல் வந்த 'கிங்ஸ் குவெஸ்ட் 5' விளையாட்டில் ஒரு பை, அதாவது இனிப்புப் பண்டம், கையில் கிடைக்கும். மலையில் ஹீரோவுக்குப் பசிக்கும். பசிக்கிறதே என்று அதைத் தின்றுவிட்டால் பிறகு பனிமனிதன் வரும்போது முகத்தில் விட்டெறிய ஒன்றும் இருக்காது, ஆள் காலி. திரும்ப முதலிலிருந்து. மங்கி ஐலண்ட் காலத்திலிருந்து சிரிப்பு விளையாட்டுகள் பெரும்பாலும் இந்தக் கொடுமையைக் கைவிட்டுவிட்டன, முக்கியமான பொருளைத் தொலைக்க விடாது, பேரன் தைரியமாகத் தப்பு செய்யலாம்.

இரண்டாவது: பிரவுசர் விளையாட்டு பெரும்பாலும் சேவ் செய்வதை அந்தப் பிரவுசருக்குள்ளேயே வைத்துக்கொள்கிறது. வீட்டில் யாராவது ஹிஸ்டரி, குக்கி எல்லாவற்றையும் சுத்தம் செய்தாலோ, இன்காக்னிடோவில் (மூடியதும் தடத்தை அழித்துவிடும் ஜன்னலில்) விளையாடினாலோ எல்லாம் போய்விடும். வேறு பிரவுசரில் திறந்தாலும் தெரியாது, அதனால் முதலில் அன்று எந்தப் பிரவுசரில் விளையாடினீர்கள் என்று பாருங்கள், ஒருவேளை அங்கேயே பத்திரமாக இருக்கலாம். விளையாட்டில் சேவ் கோப்பை இறக்கிவைக்கும் பொத்தான் இருந்தால் தினமும் அழுத்திவிடுங்கள். இல்லாவிட்டால் பேரனிடம் ஒரு நோட்டுப் புத்தகம் கொடுத்து, எந்த அறையில் எதை எடுத்தோம் என்று எழுதச் சொல்லுங்கள், விடை தெரிந்த புதிரை மறுபடி கடக்க அதிக நேரம் ஆகாது.