ஷெஃபீல்டில் ஒரே நாள்: எந்த அமர்வு?

வணக்கம். உலக ஸ்னூக்கர் (கோலால் பந்துகளைக் குழிகளில் தள்ளும் மேசை ஆட்டம்) சாம்பியன்ஷிப்பை அப்பாவுடன் ஒரே ஓர் அமர்வு மட்டும் பார்க்க முடியும், முதல் சுற்றா அரையிறுதியா என்று கேட்டிருந்தீர்கள். தயங்காமல் அரையிறுதிக்கே போங்கள்.

1977 முதல் இப்போட்டி நடந்துவரும், இங்கிலாந்தின் ஷெஃபீல்டு நகரிலுள்ள குரூசிபிள் அரங்கில், காலிறுதி வரை நடுவில் தடுப்பு வைத்து இரண்டு மேசைகளில் ஆடுவதால், உங்கள் நுழைவுச்சீட்டில் குறித்த மேசையைத்தான் நீங்கள் பார்க்க முடியும். மறுபக்கத்துக் கைதட்டல் மட்டும் காதில் விழும். அரையிறுதியில் தடுப்பு நீங்கி, சுமார் 980 பேரின் கண்களும் ஒரே மேசையில் நிலைக்கும். சுண்ணக்கட்டியைக் கோல்நுனியில் தேய்க்கும் ஓசைகூடக் கேட்கும் அந்த அமைதியை அப்பா அனுபவிக்க வேண்டும்.

ஆனால் அமர்வைக் கவனித்துத் தேர்ந்தெடுங்கள். அரையிறுதியில் 17 ஃபிரேம்களை (ஆட்டத்தின் தனித்தனிச் சுற்றுகளை) முதலில் வெல்பவருக்கே வெற்றி என்பதாலும், நான்கு அமர்வுகளாக நடக்கும் ஓர் ஆட்டத்தின் முதல் இரண்டு அமர்வுகளில் வழக்கமாக எட்டெட்டாக 16 ஃபிரேம்களே ஆடப்படுவதாலும், அவற்றில் ஆட்டம் முடிந்துவிட வழியில்லை. மூன்றாம், நான்காம் அமர்வுகளுக்கு அந்த உறுதி கிடையாது. ஒருவர் வெகுவாக முன்னிலை பெற்றுவிட்டால், நான்காம் அமர்வே நடக்காமல் போகக்கூடும்.